அத்தை மிதித்த திகைப்பூண்டு

நீங்களே சாட்சி. பசுமலையில் ஒரு கல்லூரி மேடையில் மூடநம்பிக்கைகளைச் சாடிக்கொண்டிருந்த நான், ஒரு சொல்லில் தடுமாறினேன்.

“மாப்ள, திகைப்பூண்ட மிதிச்சிட்டியா?” என்று கூட்டத்திலிருந்து ஒருவன் கத்தினான்.

மிதித்தவருக்கு வழி மறந்துவிடும் என்பார்களே, அந்தப் பூண்டு. மொச்சைக் குழம்பு மணத்த ஒரு மாலை என் நினைவுக்கு வந்தது. கொட்டாம்பட்டியில் வாக்கப்பட்ட அத்தை, கால் நிறையப் புழுதியோடு அவனியாபுரத்தில் எங்கள் வாசலில் நின்றார்.

“என்னத்தா, காலையிலதான பஸ் ஏத்திவிட்டேன்?” என்றார் அப்பா.

“திகைப்பூண்ட மிதிச்சிட்டேண்ணே. காலு இங்கன கொண்டாந்துருச்சு.”

அப்பா அவருடைய வீங்கிய கன்னத்தைப் பார்த்தார்.

“அத மிதிச்சவுக புருசன் வீட்டுக்குத் திரும்பப்படாது. உள்ள போயிச் சாப்புடு.”

அப்படியொரு குணம் அந்தப் பூண்டுக்கு உண்டென்று அதுவரை யாரும் சொன்னதில்லை. அத்தை எங்களோடே தங்கிவிட்டார்.

ஒலிபெருக்கியை நெருங்கி, அவைக்கு உரக்க வாக்களித்தேன்: “திகைப்பூண்டைப் பொய்யென்று எந்த மேடையிலும் பேசமாட்டேன்.”