மாமா குத்திய மரம்

இன்று லண்டன் குட்மேய்ஸில் எனக்கு மூன்று கடைகள். பதினாறு வயதிலேயே பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். ஆனாலும் தக்காளிப் பெட்டியின் மேல்வரிசையைப் பார்த்தே அடிவரிசை அழுகலா இல்லையா என்று சொல்லிவிடுவேன். எவரையும் சும்மா நம்பாத இந்தக் குணம் வியாபாரத்தில் வந்ததல்ல. ஒன்பது வயதிலேயே எனக்கு அது நன்றாக முற்றியிருந்தது.

அப்போது, எண்பதுகளில், நாங்கள் லூயிஷாமில் இருந்தோம். அம்மாவின் தம்பி யாழ்ப்பாணத்திலிருந்து தனியாக வந்து எங்களோடு தங்கியிருந்தார். மாமியும் கைக்குழந்தையும் ஊரில். ஞாயிறு தோறும் மாமா சந்தியில் இருந்த டெலிபோன் பெட்டிக்குள் நெடுநேரம் நிற்பார். பிறகு தனியாகப் பூங்காப் பக்கம் போய்விடுவார். குளிரில் தனியாகப் பூங்காவில் என்ன வேலை? எனக்குச் சந்தேகம். ஒரு ஞாயிறு அவருக்குத் தெரியாமல் பின்னால் போனேன்.

பூங்காவின் கோடியில் ஒரு ரெட்வுட் மரம். வெள்ளைக்காரர் யாரோ அந்தக் காலத்தில் அமெரிக்காவிலிருந்து விதை கொண்டுவந்து நட்டதாம். அண்ணாந்து பார்த்தால் கழுத்து வலிக்கும். மாமா கோட்டைக் கழற்றிப் புல்லில் போட்டார். முஷ்டியை மடக்கி மரத்தில் ஓங்கிக் குத்தினார். மூச்சு வாங்கும்வரை குத்திக்கொண்டே இருந்தார். திரும்பியபோதுதான் என்னைக் கண்டார். சட்டென்று சிரித்து, கையைத் தூக்கிக் காட்டினார். ஒரு கீறல் இல்லை.

“பாத்தியா மருமோன், மாமா ஆர் எண்டு?”

இதில் ஏதோ சுத்துமாத்து இருக்கிறது என்று எனக்கு உடனே பட்டது. பக்கத்து ஓக் மரத்தில் நானும் ஒரு குத்து விட்டேன். கை வீங்கிவிட்டது. மாமா என் கையை ஊதிவிட்டபடி, “இது வேறை சாதி மரமடா. இதின்ரை காட்டிலை ஆயிரம் ரெண்டாயிரம் வரியமா நிக்குதுகளாம். நெருப்பு வந்தாலும் தோல்தான் கருகுமாம், மரம் நிக்குமாம்,” என்றார். அதில் ஒரு சொல்லைக்கூட நான் நம்பவில்லை.

அவர் கோட்டை எடுக்கக் குனிந்த நேரம் மரத்தைச் சோதித்தேன். பட்டை மெத்தைபோல அமிழ்ந்தது. இழுத்தால் சிவப்பாக, நார் நாராக வந்தது. அசல் தேங்காய்த் தும்பு! ஒரு பிடி பிய்த்துக் காற்சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டேன்.

சாப்பாட்டு மேசையில் அதை எடுத்துப் போட்டேன். “அம்மா, மாமா மரத்திலை தும்பு ஒட்டி வைச்சு என்னை ஏமாத்துறார்!”

அப்பாவுக்குப் புரையேறியது. “ஓமோம், கவுன்சில் மரத்துக்கு உன்ரை மாமா மெத்தை தைச்சுக் குடுத்தவர்.”

“சும்மா சிரியாதேங்கோ அப்பா. மரத்திலை, மாமாவின்ரை நெஞ்சு உயரத்துக்கு, பெரிய குழி கிடக்கு. நான் கையை விட்டுப் பாத்தனான்.”

அம்மா சிரிக்கவில்லை. மாமாவின் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“இண்டைக்கும் ஊருக்கு லைன் கிடைக்கேல்லையோ, தம்பி?”

“இல்லை அக்கா.”

அம்மா அவருடைய தட்டில் இன்னொரு அகப்பை சோறு வைத்தார். பிடிபட்ட கள்ளனுக்குச் சோறு! சொந்தத் தம்பி என்றதும் அம்மா நீதி தவறிவிட்டார் என்று எனக்குக் கோபம்.

ஆனால் அந்தக் குழியை நினைக்க நினைக்கக் கோபம் ஆறிவிட்டது. அது ஒரு நாளில் விழுந்த குழியல்ல. வாரக்கணக்காகப் போய்க் குத்திப் பழகியிருக்க வேண்டும். என்னை ஒருவனை ஏமாற்றுவதற்கு ஒரு பெரிய மனிதர் இவ்வளவு ஒத்திகை பார்த்திருக்கிறாரே என்று எனக்குப் பெருமை தாங்கவில்லை.