படப்பெட்டி முன்னால் ஊற்றிய தோசை

பிரிக்பீல்ட்ஸ் ரயில் பட்டறைக்கு எதிரே நான் தோசைக்கடை போட்டிருந்த காலத்தில் என் கழுத்தில் ஒரு தாலி கிடந்தது. கட்டினவர் யாருமில்லை, நானே மாட்டிக்கொண்டது. கிள்ளான் ரப்பர் தோட்டத்தில் என் புருஷன் காய்ச்சலில் போய்ச் சேர்ந்துவிட்டார். தனியாகக் கடை நடத்துகிறவளை ஆம்பளைகள் சும்மா விடுவார்களா? புதிதாக எவன் வந்து நின்றாலும் என் கை தானாகத் தாலியை வெளியே எடுத்துப் போட்டுவிடும். அதன்பிறகு அவன் வாலைச் சுருட்டிக்கொண்டு தோசையைத் தின்பான்.

என் மகள் ஊரில், கொழுந்தனார் வீட்டில் இருந்தாள். நாங்கள் தோட்ட வேலைக்கு இங்கே கப்பலேறியபோது அவள் கைக்குழந்தை. அவளை அனுப்பும்படி ஊருக்குப் போகிறவர்களிடமெல்லாம் சொல்லிவிட்டேன். பதிலே இல்லை.

ஒரு காலையில் வெள்ளைக்காரத் துரை ஒருவர் முக்காலிமேல் பெட்டியை வைத்து என் பக்கம் திருப்பினார். கூட வந்த குமாஸ்தா, "ஓடுற படம் பிடிக்கிறாருக்கா. நீங்க பாட்டுக்கு ஊத்துங்க லா" என்றார். புது ஆம்பளை அல்லவா, கை தாலியை இழுத்து வெளியே போட்டுவிட்டது. தோசை நல்ல வட்டமாக வந்ததில் எனக்குப் பெருமை வேறு.

பெட்டியை மடக்கும்போதுதான் எங்கே காட்டுவார்கள் என்று கேட்டேன்.

"தஞ்சாவூர்ப் பக்கம் கூடாரம் போட்டுக் காட்டுவாங்கக்கா. இங்க வந்தா பொழைக்கலாம்னு ஜனங்க நம்பணும்ல."

கொழுந்தனார் ஊரும் அந்தப் பக்கம்தான். அண்ணன் செத்த சேதியும் அவருக்குப் போயிருந்தது. அறுத்த தாலி மறுபடி கழுத்தில் ஏறியிருப்பதைப் பார்த்தால், வேறொருத்தனைக் கட்டிக்கொண்டேன் என்றுதானே நினைப்பார்? பிள்ளையைக் கண்ணிலும் காட்டமாட்டார். தாலி தெரிகிற இடத்தை மட்டும் வெட்டிவிடுங்கள் என்று கெஞ்சினேன். துரை சிரித்தபடி வண்டியேறிவிட்டார். அப்புறம் கப்பல் வந்தது என்று யாராவது சொன்னாலே கல்லில் கிடக்கிற தோசையைக் கருகவிட்டுவிடுவேன். தாலியைக் கழற்றலாம் என்றால் இங்குள்ளவர்களை நினைத்துப் பயம்.

பல மாதம் கழித்துக் கொழுந்தனாரே கடைமுன் வந்து நின்றார். அவர் கையைப் பிடித்தபடி ஒரு சிறுமி. அவர் பார்வை நேராக என் கழுத்துக்குப் போனது. நான் முந்தானையால் மூடினேன்.

"வேற யாரும் இல்லீங்க. சும்மா ஒரு காவலுக்குப் போட்டிருக்கேன்."

அவர் தலையைக் குனிந்துகொண்டார். "எங்களுக்குப் பிள்ளை இல்ல அண்ணி. நீங்க செத்துட்டதா இவகிட்ட சொல்லி வெச்சிருந்தோம். கூடாரத்துல உங்களைப் பார்த்ததும் எம் பொண்டாட்டி, 'ஏ, உங்கம்மாடி'ன்னு கத்திட்டா. அன்னையிலேர்ந்து இவ அழுகையை நிறுத்த முடியல."

நான் செத்துவிட்டேனாம். கரண்டியால் அவர் மண்டையில் போட்டிருப்பேன், பிள்ளை எதிரில் நின்றாள். உட்கார்ந்து கையை நீட்டினேன். அவள் மிரண்டுபோய் அவர் வேட்டிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள்.

"சித்தப்பா, இவங்களுக்குப் பேச வருமா?"

"படத்துல வாய் மட்டும்தானே அசைஞ்சுது" என்றார் அவர் என்னிடம், மெதுவாக.

வரும் என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். வாய் மட்டும்தான் அசைந்தது, ஒரு சொல்லும் வரவில்லை. என் மகள் இன்னும் ஓரடி பின்னால் போனாள்.