சிலுவைக்குறி போட்ட சொற்கள்

அகராதியில் பொருள் தேடுவது உங்கள் வேலை. பொருளைப் பார்க்காமல் அகராதியை அடிப்பது எங்கள் வேலை.

திண்டுக்கல்லில் ஒரு பேக்கரிக்கு மேல்மாடியில் இருக்கிறது எங்கள் ஆபீஸ். வெளிநாட்டு நூலகங்களில் நைந்துபோன பழைய புத்தகங்களைப் படம் பிடித்து அனுப்புவார்கள். அதைப் பார்த்து எழுத்துக்கு எழுத்து கம்ப்யூட்டரில் அடித்துத் திருப்பி அனுப்புகிறோம். அடிக்கிறவர்கள் பன்னிரண்டு பேர். அடித்ததைச் சரிபார்த்துக் கையெழுத்துப் போடுகிற பதின்மூன்றாவது ஆள் நான், பெயர் ஆரோக்கியசாமி, ஊர் அகரம். முன்பு டைப்ரைட்டிங் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். புரியாத எதையோ தினமும் எட்டு மணி நேரம் செய்து சம்பளம் வாங்குகிறவர் நீங்களும் என்றால், பக்கத்தில் வந்து உட்காருங்கள், உங்களுக்கும் ஆறுதலாக இருக்கும்.

மாப்பிள்ளையும் தோழனும்

முதலாளி இப்ராகிம் பாய் ஒருநாள் வந்து, "இனிமே ரெண்டு வருசத்துக்கு போலந்து நாட்டு அகராதிதான், ஆறு புத்தகம்" என்றார். போலந்து எங்கே இருக்கிறது என்று சுவர்ப் படத்தில் தேடவே கால் மணி நேரம் ஆனது. நம் கீபோர்டில் இல்லாத எழுத்து அவர்களுக்கு ஒன்பது. எண் பொத்தான்களின் மேல் ஸ்டிக்கர் ஒட்டிக்கொண்டு உட்கார்ந்தோம்.

முதலில் வந்தது நானூறு வருடத்துக்கும் முந்தைய புத்தகம். தலைச்சொல் எல்லாம் லத்தீன், பக்கத்தில் விளக்கத்துக்குப் போலந்துச் சொல். அந்தக் காலத்தில் படித்தவர்களுக்கு லத்தீன்தான் மொழி, சொந்த மொழிக்கு என்று தனி அகராதி வரப் பல காலம் பிடித்தது என்று பாய் சொன்னார். சாணார்பட்டிப் பக்கம் விவசாயக் குடும்பத்திலிருந்து வருகிற கவிதா எங்கள் ஆபீசிலேயே வேகமான கை. இரண்டு பக்கம் அடித்துவிட்டு நிமிர்ந்து பார்த்துச் சொன்னாள்: "மாப்ள லத்தீனுண்ணே. போலந்து பாஷை மாப்ளத் தோழனாக் கூட வந்துருக்கு, அம்புட்டுத்தான்."

தண்ணீர் கேட்க வந்தவர்

இரண்டாவது புத்தகத்தில் பொருளே கிடையாது. சொல் இருக்கும், அதை எப்படிப் பிழையில்லாமல் எழுதுவது என்று மட்டும் இருக்கும். நமக்கு ர, ற தகராறு மாதிரி அவர்களுக்கும் ஒரே ஒலிக்கு இரண்டு எழுத்துத் தகராறு உண்டாம். அதனால் பள்ளிக்கூடப் பிள்ளை இருக்கிற வீட்டில் எல்லாம் இந்த அகராதி இருக்குமாம்.

அதை அடித்துக்கொண்டிருந்தபோது ஒட்டன்சத்திரத்திலிருந்து ஒருவர் தேடி வந்தார். நாற்பது வயதிருக்கும். போலந்தில் குடோன் வேலைக்கு விசா வந்துவிட்டது, திண்டுக்கல்லில் போலந்து அகராதியே போடுகிறார்களாமே என்று யாரோ சொல்லி பஸ் ஏறிவிட்டார். கையில் நாற்பது பக்க நோட்டு, புதுப் பேனா. நாலு வார்த்தை சொல்லிக்கொடுங்கள் என்று பவ்யமாக உட்கார்ந்தார். நாங்கள் பதின்மூன்று பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். அடித்ததையே எடுத்துக் காட்டினேன். புரட்டிப் புரட்டிப் பார்த்தார். எனக்கு வெட்கமாகத்தான் இருந்தது. டீ வாங்கிக் கொடுத்து அனுப்பினோம். வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே கேட்டார்: "ஏனுங்க, ஒரு புஸ்தகம் பூரா அடிச்சிருக்கீங்க, 'தண்ணி குடுங்க'ன்னு கேக்க ஒருத்தருக்கும் தெரியாதுங்களா?"

எண்ணிப் போட்ட அகராதி

மூன்றாவது, சொற்களை எண்ணிப் போட்டது. லட்சக்கணக்கான வரிகளை எடுத்துக்கொண்டு எந்தச் சொல் எத்தனை தடவை வருகிறது என்று எண்ணி, அதிகம் வருவதை முதலில் வைத்திருந்தார்கள். பட்டியலின் உச்சியில் பெரிய தத்துவம் எதுவும் இல்லை. நம் 'உம்', 'இல்', 'இல்லை' மாதிரி பொடிசுகள்தான். கீழேயிருந்து டீ கொண்டுவருகிற வேலு அண்ணனிடம் இதைச் சொன்னேன். கிளாஸை வைத்துவிட்டு அவர் சொன்னது: "நம்ம ஊர்ல எண்ணிப் பாருங்க சார், 'பாப்பம்'தான் மொதல்ல நிக்கும்."

இந்தப் பக்கம், அந்தப் பக்கம்

எங்கள் தொழிலில் ஒரே பக்கத்தை இரண்டு பேர் அடிப்பார்கள். ஆளுக்கொரு அறை. ஒருவர் அடித்ததை இன்னொருவர் பார்க்கக்கூடாது, அந்தப் பக்கத்தைப் பற்றிப் பேசவும் கூடாது. பிறகு கம்ப்யூட்டர் இரண்டையும் ஒப்பிட்டு, எங்கே வித்தியாசம் வருகிறதோ அதை மட்டும் என்னிடம் காட்டும். நான் மூலத்தைப் பார்த்துத் திருத்துவேன். புரியாத மொழியில் பிழை பிடிக்க இதைவிட நல்ல வழி இல்லை.

இந்த அறையில் கவிதா, அந்த அறையில் நூர்ஜகான். நூர்ஜகானுக்கு முப்பத்தைந்து வயது, பத்தாவது படிக்கிற மகள். வீட்டிலிருந்து நடந்து வருகிற தூரம் என்பதால்தான் மாமியார் வேலைக்கு விட்டார். வேலை நேரத்தில் தனித்தனி அறை, ஒரு மணிக்கு ஒரே மேசை. அங்கே நூர்ஜகானின் தால்ச்சா கவிதா தட்டுக்குப் போகும், கவிதாவின் வேர்க்கடலைத் துவையல் இவள் தட்டுக்கு வரும். நாலாவதும் ஐந்தாவதும் இப்படியே சிரித்துப் பேசி முடிந்தன. ஆறாவது புத்தகம் வந்த அன்று பாய் எல்லாரையும் கூப்பிட்டார். இந்த வேலையை எங்களுக்குப் பிரித்துக் கொடுப்பது சென்னைக் கம்பெனி ஒன்று. இந்தப் புத்தகத்தின் முதல் தொகுதியில் தப்பு வந்தால் மொத்தத்தையும் அங்கேயே எடுத்துக்கொள்வார்கள், வேலை வேண்டும் என்கிறவர்கள் சென்னைக்கு வரலாம் என்று சொல்லிவிட்டார்களாம். எல்லாரும் நூர்ஜகானைத்தான் பார்த்தோம். பாய் கடைசியாகச் சொன்னார்: "ஒருத்தர் தப்பு செஞ்சா மிஷின் புடிச்சுரும். ரெண்டு பேரும் ஒரே தப்பைச் செஞ்சா அல்லாதான் புடிக்கணும்."

செத்த சொல்லுக்கு ஒரு குறி

ஆறாவதுதான் பெரியது, எட்டுத் தொகுதி. போலந்தை மூன்று பெரிய நாடுகள் பங்கு போட்டுக்கொண்டு, வரைபடத்தில் அந்தப் பெயரே இல்லாமல் இருந்த காலத்தில் தொடங்கினார்களாம். முடிப்பதற்குள் நாடு திரும்ப வந்துவிட்டது. இதை எங்களுக்குச் சொன்னவர் வார்சாவிலிருந்து வேலையை மேற்பார்க்கிற ஒரு பேராசிரியை. மாதம் ஒருமுறை கம்ப்யூட்டரில் முகம் காட்டி, நிறுத்தி நிறுத்தி ஆங்கிலத்தில் பேசுவார். அன்றாட அகராதி வழக்கொழிந்த சொல்லைத் தள்ளிவிடும், இந்த அகராதி தள்ளாது, பக்கத்தில் சின்னச் சிலுவைக்குறி போட்டு வைத்துக்கொள்ளும் என்றார். கல்லறைச் சிலுவை மாதிரிதான். அவர் போனதும் நூர்ஜகான் சொன்னாள்: "நாடு போனப்பகூட செத்த வார்த்தையைத் தூக்கிப் போடலையேண்ணே இவங்க."

கேள்விக்குறித் தடை

இப்போது என் தப்பைச் சொல்கிறேன். எழுத்துத் தெளிவாக இல்லை என்றால் அடிக்கிறவர்கள் அங்கே ஒரு கேள்விக்குறி போட வேண்டும் என்பது விதி. முதல் தொகுதியின் தாள் பொட்டுப் பொட்டாகக் கறை பிடித்திருந்தது. பக்கத்துக்கு இருபது கேள்விக்குறி வந்தது. அத்தனையையும் நான் ஒருவன் பார்த்து மாளவில்லை. ஒரு வெள்ளிக்கிழமை எரிச்சலில், "கண்ணைத் தொறந்து பாத்து அடிங்க, இனிமே யாரும் கேள்விக்குறி போடக் கூடாது" என்று கத்திவிட்டேன். மறுநாளிலிருந்து ஃபைல் சுத்தமாக வந்தது. எனக்குப் பெருமை. கையெழுத்துப் போட்டு அனுப்பினேன்.

பத்து நாளில் பேராசிரியையின் மெயில் வந்தது. அறுபது பக்கங்களில் மங்கலாக இருந்த சிலுவைக்குறி ஒன்றுகூட இல்லை. இரண்டு பேருமே விட்டிருந்ததால் கம்ப்யூட்டர் வித்தியாசம் காட்டவில்லை. அந்த அறுபதும் கவிதா, நூர்ஜகான் பக்கங்கள். பேசிக்கொண்டு செய்தது நிரூபணமானால் இரண்டு பேரையும் நிறுத்த வேண்டும், வேலையைப் பிடுங்கிக்கொள்ளச் சென்னைக் கம்பெனிக்கு அதுவே போதும். மெயிலின் கடைசி வரியை நான் பாய்க்கு வாசித்துக் காட்டினேன்: "இறந்த சொற்கள் அனைத்தும் திண்டுக்கல்லில் உயிர்த்தெழுந்துவிட்டன, எப்படி என்று தெரிவிக்கவும்."

சாப்பாட்டுப் பையில் இருந்த நோட்டு

படம் தெளிவில்லை, அதனால் தவறியது என்று பதில் எழுதி வைத்தேன். பொய்தான், என் தடையைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இல்லை. மறுநாள் காலை நூர்ஜகான் சாப்பாட்டுப் பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்து என் மேசையில் வைத்தாள். பக்கம், பத்தி, வரி என்று எண் போட்டு எழுதியிருந்தது. நான் போடக்கூடாது என்று தடுத்த கேள்விக்குறி எல்லாம் அதில் இருந்தன. முதல் பக்கத்தின் உச்சியில், "சிலுவை மாதிரி தெரியுது. அழுக்கா இருக்குமோ? கவிதாவும் விட்டுட்டாளாம்" என்று ஒரு வரி. சாப்பாட்டு மேசையில் கவிதா கேட்டிருக்கிறாள், இவள் அழுக்கு என்று சொல்லியிருக்கிறாள், மனசு கேட்காமல் நோட்டில் குறித்திருக்கிறாள்.

அந்த நோட்டு இருந்தால் மூன்று பேர் இரண்டு நாளில் எல்லாச் சிலுவையையும் திருப்பிப் போட்டுவிடலாம். ஆனால் எப்படிக் கண்டுபிடித்தீர்கள் என்று கேட்பார்கள், நோட்டைக் காட்டினால் இரண்டு பேரும் பேசியது வெளியாகிவிடும். அந்த முதல் வரியைக் கிழித்துவிடலாமா என்று தாளின் ஓரத்தைப் பிடித்தேன். நூர்ஜகான் நோட்டின் மேல் கையை வைத்துக்கொண்டாள். சொன்னாள்: "கிழிக்காதீங்கண்ணே, பின்பக்கத்துலயும் குறிச்சு வச்சுருக்கேன். அடுத்த மாசம் வேற யாராச்சும் அந்த அகராதியப் பாப்பாக, அவுகளுக்குத் தப்பாப் போயிரும்."

பதில்

எழுதி வைத்திருந்த பொய்யை அழித்தேன். கேள்விக்குறியைத் தடுத்தது நான், சாப்பாட்டு நேரத்தில் பேசியது அவர்கள், குறித்து வைத்தது நூர்ஜகான் என்று உள்ளபடி எழுதி, திருத்திய பக்கங்களோடு நோட்டையும் படம் பிடித்து அனுப்பினோம். பதில் வர நாலு நாள் ஆனது. அந்த நாலு நாளும் பாய் மாடிப்படியில் ஏறி இறங்கிக்கொண்டே இருந்தார். நூர்ஜகான் மகளின் டியூஷனை நிறுத்துவதா என்று கேட்டாள்.

பேராசிரியை மூன்று வரி எழுதியிருந்தார். கேள்விக்குறியை யாரும் தடுக்கக்கூடாது. மீதி ஏழு தொகுதியும் இந்த ஆபீசிலேயே நடக்க வேண்டும், நோட்டு வைத்திருப்பவர் அதில் இருக்க வேண்டும். அவரும் கவிதாவும் இனிமேல் ஒரே நேரத்தில் சாப்பிடக் கூடாது. நூர்ஜகான் துப்பட்டாவால் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள். பாய் அன்றே பலகையில் எழுதிவிட்டார்: நூர்ஜகானுக்கு ஒரு மணி, கவிதாவுக்கு ஒன்றரை மணி. ஒன்றரைக்குத் தனியாக உட்கார்ந்து டப்பாவைத் திறந்த கவிதா, துவையலை வெறித்துப் பார்த்தபடி சொன்னாள்: "அவ வேலை தப்பிச்சுச்சு, சந்தோசம்ணே. ஆனா அந்தத் தால்ச்சாவுக்கும் ஒரு சிலுவையப் போட்டுட்டாகளே."

ஆறாவது அகராதி வரைக்கும் வந்தும் போலந்து மொழியில் தண்ணீர் கேட்கத் தெரியாத எங்களுக்கு, தெரியாததைத் தெரியாது என்று குறித்துவைக்க ஒருத்திக்காவது தெரிந்ததால்தான் திண்டுக்கல்லில் இன்றைக்கும் வேலை ஓடுகிறது.