வீடியோவில் இல்லாத லூடா அன்ரி

கனடாவில், மல்வேர்னில் நாங்கள் இருந்த பில்டிங்கின் லிஃப்டில் எந்நேரமும் பொரித்த மீனும் பனி மிதித்து ஈரமான சப்பாத்தும் மணக்கும். அதற்கு மேலால் ரோசாப் பவுடர் வாசம் வந்தால் லூடா அன்ரி இப்போதுதான் இறங்கிப் போயிருக்கிறார் என்று அர்த்தம். குப்பை போடப் போவதற்கும் பவுடர் பூசுகிற மனுசி. "பெரிய நடிகை எண்ட நினைப்பு" என்று சனம் சிரிக்கும். நினைப்பென்ன நினைப்பு, அவர் நடிகையேதான்.

அதைக் கண்டுபிடித்தவர் அம்மா. கனடாவுக்கு வரும் வழியில், களவாக ஆள் அனுப்பும் ஏஜென்சிக்காரன் அம்மாவையும் வேறு கொஞ்சப் பேரையும் மொஸ்கோவில் ஒரு வீட்டில் குளிர்காலம் முழுக்கப் பூட்டி வைத்திருந்தான். அயலுக்குக் கேட்கும் என்று டிவியைச் சத்தமில்லாமல்தான் பார்க்க விடுவார்கள். அதில் ரயில் மேடையில் நின்று அழுத ஒரு பெண்ணை அம்மா மறக்கவேயில்லை. பல வருடம் கழித்து, எங்கள் பில்டிங்கின் "லோன்றி"யில் உடுப்பு மடித்துக்கொண்டு நின்ற வயதான பெண்ணை உற்றுப் பார்த்தவர், ஓடிப்போய்க் கையைப் பிடித்துக்கொண்டாராம்.

அதற்குப் பிறகு இரண்டு பேரும் தங்கள் அரைகுறை இங்கிலிஷில் மணிக்கணக்காகக் கதைப்பார்கள். அம்மாவுக்குத் தெரிந்த ரஷ்யச் சொற்கள் மொஸ்கோவில் காவலுக்கு நின்றவன் அதட்டியவை மட்டுந்தான். அதை லூடா அன்ரியிடம் ஒருநாளும் சொன்னதில்லை. ஏனென்று நான் கேட்டால், "உது நாயைக் கலைக்கிற பாஷை" என்பார்.

லூடா அன்ரி ஆற்றங்கரைக் கிராமமொன்றில் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தபோது படம் பிடிக்க வந்தவர்கள் கூட்டிப் போனார்களாம். படத்துக்குப் படம் சண்டைக்குப் போனவனுக்காகக் காத்திருந்தார், விருது வாங்கினார், சுருக்கம் விழுந்ததும் தாய் வேடத்துக்குத் தள்ளப்பட்டார். பிறகு நாடே உடைந்து, ஸ்டூடியோவை மேசை, கட்டில் என்று தளபாடம் அடுக்கும் இடமாக்கிவிட்டார்கள். புருசன் செத்தபின் மகன் இங்கே கூப்பிட்டான். கூப்பிட்டவன் வேலையென்று அல்பேர்ட்டாவுக்குப் போய்விட்டான்.

நான் பெரியபிள்ளையாகி எனக்குச் சாமத்தியவீடு வைத்தபோது, மேடைக்கு வந்து ஆலாத்தி எடுக்க வேண்டுமென்று அம்மா அவரைக் கேட்டார். வீடியோ எடுப்பார்களா என்பதுதான் அவருடைய முதற்கேள்வி. கமராவுக்கு முன்னால் நின்று எத்தனை காலம். உங்களிடம் உள்ள ஆகத் திறமான உடுப்பைப் போடுங்கோ என்று அம்மாவும் சொல்லிவிட்டார்.

விருது வாங்கிய அன்று உடுத்த கறுப்பு வெல்வெட் கவுனில் வந்தார். மேடைப் படியில் காலை வைத்ததும் வீடியோக்காரரின் வெளிச்சம் எங்கே என்று பார்த்து நாடியைக் கொஞ்சம் உயர்த்தினார்; அவ்வளவு வடிவாக ஒருவரை நான் அதற்குமுன் பார்த்ததில்லை. அப்பாவின் தமக்கை, அஜக்ஸிலிருந்து வந்திருந்த மாமி, அம்மாவின் காதுக்குள் சீறினார்.

"அறுதலி, அதுவும் கறுப்போடை. பிள்ளைக்கு ஆகாது, இறக்கு உவவை."

மாமி என்றால் அம்மாவுக்கு நடுக்கம். இங்கிலிஷில் மெல்லச் சொல்லிப் பார்த்தார். வெளிச்சத்தைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு நின்றவருக்கு அது ஏறவில்லை. மாமி மறுபடி இடித்தார். பதறிப்போன அம்மாவின் வாயில் அந்தக் காவல்காரனின் ரஷ்யச் சொற்கள்தான் வந்தன: இறங்கு, அங்கே போய் நில், சத்தம் போடாதே.

லூடா அன்ரி இறங்கினார். படங்களில் அத்தனை தரம் அழுதவர் அன்று அழவில்லை. சாப்பிடாமலே போய்விட்டார். பிறகு அம்மா தட்டத் தட்ட அவர் கதவு திறக்கவில்லை. லிஃப்டில் மீனும் சப்பாத்தும் மட்டுந்தான் மணந்தன. அவர் செத்ததையே வேறு ஆட்கள் சொல்லித்தான் அறிந்தோம். மாமியை நான் இன்றுவரை மன்னிக்கவில்லை. அம்மாவை மன்னித்தேனா என்பதும் தெரியவில்லை.

இப்போது பிக்கரிங்கில் இருக்கிறோம். அந்தச் சாமத்தியவீட்டு வீடியோக் கசெற்றைப் போன மாதம் கொம்பியூட்டரில் ஏற்றினேன். லூடா அன்ரியைச் சுத்தமாக வெட்டி எறிந்திருக்கிறார்கள். அம்மா மட்டும் கீழே யாரையோ பார்த்து வாயசைக்கிறார். குரல்களுக்கு மேலே நாதஸ்வர இசை போட்டிருப்பதால் ஒன்றும் கேட்காது.

"அம்மம்மா உதிலை என்ன சொல்லுறா?" என்று என் மகள் கேட்டாள்.

அம்மா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"சத்தம் போடாமல் பார், பிள்ளை."