மகள்மார் பேரில் இருந்த வங்கி

அந்தக் கொம்பனியின் வரலாறு முழுவதையும் நான் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டுதான் கேட்டேன். கொழும்பிலிருந்து யாராவது பெரிய ஆள் வந்தால் முதலாளி பின் இருக்கையில் அவரோடு ஏறிக்கொள்வார். கல்லடிப் பாலம் தாண்டுவதற்குள் கதை தொடங்கிவிடும். எந்த இடத்தில் குரலைத் தாழ்த்துவார், எந்த இடத்தில் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார் என்பதெல்லாம் எனக்குப் பாடமாகிவிட்டது.

நான் ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். கட்டாரில் சீமெந்து சுமந்தேன், வவுனியாவில் லொறி ஓட்டினேன், பாசிக்குடா ஹோட்டல் ஒன்றில் துவாய் தோய்த்தேன். எங்கும் நிலைத்து இருந்ததில்லை. சாரதி வேலை கிடைத்ததற்கு ஒரே காரணம், முதலாளியும் நாங்களும் ஒரே குடி. எங்கள் பக்கத்தில் குடி என்பது தாய் வழியாக வருவது. ஒரே குடி என்றால் முகம் தெரியாதவனும் அண்ணன் தம்பிதான்.

முதலாளியின் கதை இதுதான். அவருடைய தகப்பன் படுவான்கரையில் வயல் வட்டைகள் வைத்திருந்த பெரிய நிலக்காரர், போடியார். விதைநெல்லும் பசளையும் கடனாகக் கொடுத்து, அறுவடையில் நெல்லாகத் திருப்பி வாங்கினார். அந்த நெல்லைக் குற்ற ஒரு மில் கட்டினார். பிறகு நகரில் அடகுக் கடை போட்டார். மகன் படித்துவிட்டு வந்து அடகுக் கடைக்குக் கண்ணாடிக் கதவும் ஏசியும் போட்டு, முதலீட்டு நிறுவனம் என்று போர்ட் எழுதினார். சனம் அதை வங்கி என்றே சொன்னது. அவரையும் பழையபடி போடியார் என்றே கூப்பிட்டது.

ஒருமுறை விருந்தாளி ஒருவர் சண்டைக் காலத்தில் எப்படித் தாக்குப்பிடித்தீர்கள் என்று கேட்டார். முதலாளி சிரித்தார். "சண்டைக் காலத்திலதான் நாங்க வளந்த. நகைய வெச்சிற்று ஓடுவாங்க. மீட்க வாற ஆக்கள் குறைவு." விருந்தாளியும் சிரித்தார். மீட்க வராதவர்கள் ஏன் வரவில்லை என்பது அந்த வாகனத்தில் இருந்த மூன்று பேருக்கும் தெரியும். தாழங்குடாவில் நிறுத்தச் சொன்னார், நிறுத்தினேன். இளநீர் வெட்டச் சொன்னார், வெட்டிக் கொடுத்தேன். சம்பளம் வேண்டியிருந்தது.

அக்கா தேற்றாத்தீவில் இருந்தாள். புருஷன் விட்டுப் போனபின் குவைத்தில் வீட்டு வேலைக்குப் போய், முழங்கால் தேய்ந்து திரும்பியவள். அவள் போனது ஒரே ஒரு காரணத்துக்காக. மகளுக்கு ஒரு வீடு. எங்களிடம் பெண்ணுக்கு வீடு கொடுத்தால்தான் கலியாணம். மாப்பிள்ளை கையை வீசிக்கொண்டு பெண்ணின் வீட்டுக்கு வந்து இருப்பான். சுவர்கள் எழும்பிக் கூரைக்காக நின்றபோது பெரியகல்லாற்றிலிருந்து ஒரு சம்பந்தம் வந்தது. மாப்பிள்ளையின் தாய் வெயிலில் நின்று மேலே வானத்தைப் பார்த்துவிட்டு, கூரை ஏறட்டும், நாள் வைப்போம் என்று சொல்லிவிட்டுப் போனாள்.

கூரைக்கான காசு போடியாரிடம் இருந்தது. அக்கா மட்டுமல்ல, எல்லோரும் அங்கேதான் போட்டிருந்தார்கள். ஏன் என்று கேட்டால் ஒரே பதில்தான் வரும். அந்த மாடி வீட்டைப் பார், மில்லைப் பார், தென்னந்தோட்டத்தைப் பார். இவ்வளவும் இருக்கிறவன் எங்கே ஓடுவான்?

ஒரு திங்கட்கிழமை நான் வாகனத்தைக் கழுவிக்கொண்டு போய் நின்றபோது கண்ணாடிக் கதவில் சங்கிலி தொங்கியது. முதலாளி நெஞ்சு வருத்தம் என்று கொழும்புக்குப் போய்விட்டார் என்றார்கள். பத்து மணிக்குள் தெரு நிறைந்துவிட்டது. அங்கிருந்து எல்லோரும் அவருடைய மாடி வீட்டுக்கு நடந்தார்கள். அக்காவும் வந்திருந்தாள். நானும் கூடப் போனேன். மூத்த மகள் கேற்றைத் திறக்காமல் கம்பிகளுக்கு அந்தப் பக்கம் நின்றாள். பயப்படவில்லை, கோபப்படவும் இல்லை.

"இது என்ட சீதன வீடு," என்றாள். "கலியாணத்துக்கே என்ட பேருக்கு எழுதினது. மில் தங்கச்சிட. தோட்டம் சின்னவட. அப்பாட பேர்ல என்ன இரிக்கு? நீங்களே சொல்லுங்க."

அவள் சொன்னது பொய்யில்லை. அங்கே நின்ற ஆண்களில் ஒருவனுக்கும் சொந்த வீடு கிடையாது. ஒவ்வொருவனும் காலையில் மனைவியின் வீட்டிலிருந்து புறப்பட்டு வந்தவன்தான். ஒவ்வொரு பெண்ணும் தாய் எழுதிக் கொடுத்த வீட்டைப் பூட்டிவிட்டு வந்தவள்தான். வீடும் காணியும் யாருக்குப் போகும் என்று பிறந்த நாள் முதல் தெரிந்த சனம், போடியாரின் மாடியைக் காட்டிக் காட்டி அவருடைய கையில் காசைக் கொடுத்திருக்கிறது. காத்தான்குடிப் புடவை வியாபாரி ஒருவர் அக்காவுக்குப் பக்கத்தில் நின்றார். "எங்கட ஊரிலயும் இதே கதைதான், தங்கச்சி. வாப்பாட பேர்ல செருப்பு மட்டுந்தான் இரிக்கும்," என்றார். பின்னால் நின்ற ஒருவன், அப்போ அந்த போர்டைக் கழற்றித் தாருங்கள், கோழிக்கூட்டுக்கு மறைப்புக் கட்டலாம் என்றான். சிலர் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பும் எனக்குப் பிடிக்கவில்லை.

பொலிசில் முறைப்பாடு கொடுத்தோம். வழக்கு நடக்கிறது, இன்னும் நடக்கிறது. பெரியகல்லாற்றுக்காரர்கள் வேறு பெண் பார்ப்பதாகக் காதில் விழுந்தது. அந்த நேரத்தில் இரண்டாவது மருமகன் பழைய மில்லைப் பிரித்து விற்றுக்கொண்டிருந்தார். அவர் அக்காவிடம் ஆளனுப்பினார். மாமாவின் குடிப் பெண்தானே, மில் கூரைத் தகரத்தைக் கொண்டுபோகட்டும். ஆனால் கோயிலில் கற்பூரத்துக்கு முன்னால் கணக்கு முடிந்தது என்று சொல்ல வேண்டும்.

குவைத்தில் அவள் தேய்த்த தரைகளுக்கு விலை, துருப்பிடித்த தகரம். அதற்குச் சாட்சி சாமி. நான் கத்தினேன். "நாய்க்குப் போடுற எலும்பு இது. வேண்டாண்டு சொல்லு."

அக்கா முழங்காலுக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தாள். "நாயெண்டாலும் மழைக்கு ஒதுங்க இடம் வேணுமெல்லோ. நீ நாளைக்கு எங்கயும் போயிருவாய். நான் எங்க போற?"

போய்ச் சத்தியம் செய்தாள். நான் கோயிலுக்குள் போகவில்லை. தகரத்தை ட்ரக்டரில் ஏற்றி வந்து, நானே ஏறி நின்று அடித்தேன். ஒவ்வொரு தகரத்தையும் நிமிர்த்தும்போது பழைய தவிடும் எலிப்புழுக்கையும் முகத்தில் கொட்டின. துப்பத் துப்ப அந்த நாற்றம் வாயை விட்டுப் போகவில்லை. ஆணித் துளைகளுக்குத் தார் பூசினேன். கீழே நின்ற மாப்பிள்ளையின் தாய் இந்த முறை மேலே பார்த்துத் தலையாட்டினாள்.

கலியாணத்துக்கு அக்கா போடியாருக்கும் சொல்லியிருந்தாள். நெஞ்சு வருத்தம் தீர்ந்து அவர் வந்தார். அவரைக் கண்டதும், கேற்றடியில் நின்று கத்திய அதே ஆட்கள் கதிரையை விட்டு எழுந்தார்கள். முதல் வெற்றிலைத் தட்டம் அவருக்குத்தான் போனது. பந்தியிலும் அவரை முன்னால் இருத்தினார்கள். எனக்கு அவருக்கு எதிரில் இலை விழுந்தது. சோற்றைப் பிசைந்தபடி அவர் கூரையைப் பார்த்தார். அது எங்கிருந்து வந்த தகரம் என்று தெரியாமல் இருக்க வழியில்லை.

"வீடு வடிவா வந்திரிக்கு, புள்ள."

"ஓம். நேத்துத்தான் மகள்ட பேருக்கு எழுதின," என்றாள் அக்கா.

"நல்லது," என்றார். "அதுதான் பாதுகாப்பு."

அக்கா அவருக்கு இன்னும் கொஞ்சம் பருப்பு விட்டாள். நான் இலையை மூடிவிட்டு எழுந்து, பஸ்ஸுக்கு நடந்தேன்.