காலடிச் சத்தத்தை எழுதிய அண்ணை

அண்ணை எங்களைப் பிரிந்து ஓராண்டு நிறைகிறது. அவரை நெருங்கி அறிந்தவர்கள் சிலரே. அவர் எழுதிய படத்தைப் பார்த்தவர்களும் அதிகமில்லை.

இணுவிலில், புகையிலைத் தோட்டம் செய்த குடும்பத்தில் மூத்தவராகப் பிறந்தார். ஐம்பத்தாறாம் ஆண்டு கொழும்பில் அரசாங்க எழுதுவினைஞராகச் சேர்ந்தார். அரச ஊழியருக்குக் கட்டாயமாக்கப்பட்ட சிங்களப் பரீட்சையை எழுத மனமின்றிச் சில ஆண்டுகளில் வேலையை விட்டு ஊர் திரும்பினார். அதன் பின்னர்தான், கொழும்பில் பழகிய படம் எடுப்பவர்களுக்குத் திரைக்கதை எழுதத் தொடங்கினார். எல்லாம் மனத்துக்குள் நடக்கும் மர்மக் கதைகள். “பேய் ஒண்டு வையுங்கோ, உடனை எடுக்கிறம்” என்றவர்களிடம், “மனிசனைப் பயப்பிடுத்த அவன்ரை மனமே காணும், வேறை ஒண்டும் வேண்டாம்” என்று சொல்லி, எழுதியதைத் திருப்பி வாங்கிவந்துவிடுவார். எழுதியவை பதினொன்று. படமானது ஒன்றே.

அதில் ஓர் இளம் விதவை. பொழுதுபடும் நேரங்களில் வீட்டின் பின்புறம் அவளுக்குக் காலடிச் சத்தம் கேட்கிறது. ஒருவரும் நம்புவதில்லை. தன்மேலேயே சந்தேகம் வந்து, அவள் மெல்ல மெல்லப் பேச்சை விட்டுவிடுகிறாள்.

யாழ்ப்பாணத்தில் அது ஒரு வாரம் ஓடியது. என்னுடன் படிப்பிக்கும் ஆசிரியைகளோடு போனேன். பாதியிலேயே அந்தச் சத்தத்தை அடையாளம் கண்டுகொண்டேன். கணவரை இழந்து அண்ணையின் வீட்டுக்கு வந்த புதிதில் எனக்குக் கேட்ட சத்தம் அது. அவரிடம் மட்டுமே சொல்லியிருந்தேன். “உது பிரமை, பிள்ளை. யோசியாதை” என்றிருந்தார்.

வீட்டுக்கு வந்ததும் கேட்டேன்.

“அண்ணை, உது என்ரை கதையெல்லோ?”

“ஓம்.”

“ஊர் முழுக்கப் பாக்க ஏன் எழுதினீங்கள்?”

“நீ சொல்லேக்கை நான் நம்பேல்லை. எழுதேக்கைதான் விளங்கினது, நீ எவ்வளவு தனிச்சுப்போனாய் எண்டு. அதை உன்னட்டை நேரை சொல்ல எனக்கு வாய் வரேல்லை.”

எனக்கு அது போதவில்லை. உடுவிலில் என் பாடசாலைக்கு அருகே அறை எடுத்துப் போய்விட்டேன். நான்கு ஆண்டுகள் அவர் தனியே சமைத்து, தனியே உண்டார். மாதம் ஒருமுறை சைக்கிளில் வந்து வாசலில் முருங்கைக்காய்க் கட்டை வைத்து, “சுகமோ?” என்பார். “ஓம்” என்பதற்கு மேல் நான் எதுவும் சொன்னதில்லை. அந்த நான்கு ஆண்டுகளும் அவர் ஒரு வரி கூட எழுதவில்லை என்பதைப் பின்னரே அறிந்தேன்.

இருதய நோயில் அவர் விழுந்த பிறகே வீடு திரும்பினேன். கடைசிப் பதினேழு நாட்களும் அருகில் இருந்தேன். மருந்தைப் பற்றியும் கஞ்சியைப் பற்றியும் கதைத்தோம். படத்தைப் பற்றி இருவரும் வாய் திறக்கவில்லை.

அவரை வைத்தியசாலைக்குக் கொண்டுசென்ற அயலவர்களுக்கும், கிரியைகளில் துணைநின்ற உறவினர்களுக்கும் எங்கள் நன்றி. இன்னும் ஒருவர் இருக்கிறார். செத்தவீட்டன்று, பத்திரிகையில் மரண அறிவித்தலைப் பார்த்து வடமராட்சிக் கரையிலிருந்து, கடற்றொழில் செய்யும் குடும்பத்துப் பெண் ஒருவர் வந்தார். அவரை எங்களுக்குத் தெரியாது. என் கையைப் பிடித்துக்கொண்டார்.

“எனக்கும் உப்பிடித்தான் சத்தம் கேட்டது. எங்கடை வீட்டுக்காரரைக் கூட்டிக்கொண்டுபோய் அந்தப் படத்தைக் காட்டினன். அதுக்குப் பிறகுதான் அவர் என்ரை சொல்லை நம்பினவர். எழுதினவரைக் கண்டு சொல்லவேணும் எண்டு இருந்தனான்” என்றார்.

பெயர் கேட்க மறந்துவிட்டேன். சகோதரி, இந்த நினைவு மலர் உங்கள் கைக்குக் கிடைத்தால் எங்கள் நன்றியை ஏற்றுக்கொள்ளுங்கள். அந்த நன்றியை அண்ணையிடம் முதலில் சொல்லியிருக்க வேண்டியவள் நான்.

— தங்கை