கலியபெருமாளின் குரல்

ஒரு மனிதரின் குரலை நான் அழித்தேன். அதை மறைக்க, வேறொருவர் குரலை அவர் மனைவிக்குக் கொடுத்தேன். இதுவரை யாரிடமும் சொன்னதில்லை... உங்களிடம் சொல்கிறேன்.

எழுபதுகளில் புதுச்சேரியில் ஒரு வானொலி நிலையத்தில் அறிவிப்பாளனாக இருந்தேன். நேயர் விருப்பம் என் நிகழ்ச்சி. முதலியார்பேட்டையிலிருந்தும் ரெட்டியார்பாளையத்திலிருந்தும் அஞ்சலட்டைகள் வந்து குவியும். கடைத்தெருவில் நான் வாயைத் திறந்தால் போதும், ரேடியோ சார் என்று திரும்பிப் பார்ப்பார்கள். தலைக்கனமா? தாராளமாகவே இருந்தது!

ஒருநாள் புதுப்படப் பாட்டின் இசைத்தட்டு ஒன்று கைக்கு வந்தது. ஊரே கேட்டுக்கொண்டிருந்த பாட்டு. இரவல் கொடுத்த கடைக்காரர் மாலைக்குள் திருப்பிக் கேட்டிருந்தார். ஒலிநாடாவில் பதிந்துகொண்டால்தான் வாரம் முழுக்க ஒலிபரப்பலாம். வெற்று நாடாவோ ஒன்றுகூட இல்லை. எங்களுக்கு அதில் எப்போதும் பஞ்சம்தான்; பழைய பதிவின் மேலேயே புதியதைப் பதிவோம், பழையது அழிந்துவிடும்.

அலமாரியில் கலியபெருமாளின் நாடா இருந்தது. உறைமேல் 'அழிக்கக் கூடாது' என்று எழுதியிருந்தது. எழுதியவனும் நான்தான்!

கலியபெருமாள் மில் தொழிலாளி. தொழிலாளர் நிகழ்ச்சிக்காக, தன் தகப்பனாரிடம் கற்ற ஏற்றப்பாட்டைப் பாடியவர். இடையில் நிறுத்தாமல் ஒரே மூச்சில் இழுத்துப் பாடுவார். "பத்திரமா வைங்க சார், பொறக்கப்போற எம் புள்ள கேக்கணும்" என்றார். வைக்கிறேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

சினிமாப் பாட்டு இருக்க, ஏற்றப்பாட்டை எவன் கேட்கப் போகிறான் என்று நினைத்தேன்... அதன் மேலேயே பதிந்தேன்.

சில மாதங்களில் கலியபெருமாள் காய்ச்சலில் இறந்துபோனார். அவர் மனைவி தனம் கைக்குழந்தையோடு நிலையத்துக்கு வந்தாள். ஒரே ஒருமுறை அந்தக் குரலைக் கேட்க வேண்டும் என்றாள்.

அப்போதே உண்மையைச் சொல்லியிருக்கலாம். அழுதிருப்பாள், திட்டியிருப்பாள். ஏன் சொல்லவில்லை? பயமா, வெட்கமா... இன்றுவரை எனக்கே தெரியவில்லை. அதே ஏற்றப்பாட்டைப் பாகூர் விவசாயி ஒருவர் பாடிய நாடா எங்களிடம் இருந்தது. அதை ஓடவிட்டேன். அவர் ஒவ்வொரு அடிக்கும் நடுவில் தொண்டையைச் செருமிக்கொள்கிறவர்.

தனம் தலைகுனிந்து கேட்டாள். "எங்க ஊட்டுக்காரரு கொரலு மாதிரி இல்லியே சார்... மைக்குல மாறிடுமா?"

"ஆமாம்மா. மைக்குல அப்படித்தான் கேக்கும்."

தன் காதைவிட என்னை நம்பினாள் அந்தப் பெண். ஆண்டுதோறும் கணவர் இறந்த நாளில் அதைப் போடச் சொன்னாள். நானும் போட்டேன். கலியபெருமாள் பாடியது என்று கூசாமல் அறிவித்தேன். பாகூர்க்காரர் எங்காவது கேட்டிருந்தால் என்ன நினைத்திருப்பார்?

எண்பதுகளின் கடைசியில் அந்தக் குழந்தை செல்வி வளர்ந்து, இளைஞர் நிகழ்ச்சியில் பாட வந்தாள். அப்பாவின் பாட்டைத்தான் பாடுவேன் என்றாள். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நான் பதிவு செய்துகொண்டிருந்தேன். தனம் என் அருகில் உட்கார்ந்திருந்தாள்.

நல்ல குரல். முதல் அடி முடிந்ததும் தொண்டையைச் செருமினாள். இரண்டாம் அடி முடிந்தது... மறுபடியும் செருமினாள்!

யாரோ ஒருவரின் செருமலை அப்பா சொத்தாக வாங்கிக்கொண்டு நின்றாள். தனமாவது கண்டுபிடித்துவிட மாட்டாளா என்று அவளைப் பார்த்தேன்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "பாத்தீங்களா சார், அந்தச் செருமலு கூட அப்டியே அவுருதான்."

ஐயோ! நாடாவை அழித்ததோடு நிற்கவில்லை நான். இவள் மனத்தில் இருந்த குரலின் மேலேயும் பதிந்துவிட்டேன்.

தனம் இப்போது இல்லை. செல்வியிடம் சொல்லலாமா? சொன்னால் அப்பாவின் குரல் என்று அவளுக்கு எதுவுமே மிஞ்சாது. நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்?

கலியபெருமாள் ஒரே மூச்சில் இழுத்துப் பாடியது இன்று என் காதில் மட்டும்தான் இருக்கிறது. எனக்கோ பாட வராது.